புத்தளக் கரையும் சூழற் சட்டங்களும்: நீர், காற்று மாசடைதல் குறித்து ஒரு நோக்கு

நீருக்கும் காற்றுக்கும் எல்லைக்கல் இல்லை. சட்டமோ எல்லை வகுத்தே இயங்குவது. எவ்விடத்தில், எவரால், எவ்வளவு என்ற மூன்று வினாக்களுக்கும் விடை கிடைத்த பின்னரே அது ஒருவரைக் குற்றவாளி எனச் சுட்டுகின்றது. மாசு எல்லை கடந்து பரவ, சட்டம் எல்லைக்குள் நின்று அதனைத் தேடுகின்றது. இம்முரண்பாட்டை இலங்கையில் மிகத் தெளிவாகக் காணத்தக்க பிரதேசங்களுள் புத்தளம் மாவட்டத்தின் கரையோரம் ஒன்றாகும். சிலாபத்திலிருந்து கற்பிட்டிக் குடாநாட்டின் முனை வரை நீளும் இக்கரையில் சீமெந்துத் தொழிற்சாலை, இறால் பண்ணைகள், அனல்மின் நிலையம், தலைநகரின் குப்பைக்கென அமைத்த நிலநிரப்புத் தளம் என நாட்டின் பொருளாதாரத் தேவைகள் பல ஒன்றன்பின் ஒன்றாக வந்து சேர்ந்துள்ளன. இவற்றை நெறிப்படுத்தும் சட்டங்கள் எவ்வாறு தோன்றின, எவ்வாறு இயங்குகின்றன, எங்கே தளர்கின்றன என்பதை நோக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

1. தொல்லையிலிருந்து உரிமம் வரை

சூழல் மாசடைதல் என்னும் கருத்து நமது சட்டத்தில் இடம்பெறுவதற்கு முன்னர், அதன் இடத்தில் 'பொதுத் தொல்லை' என்ற கருத்தே இருந்தது. 1883ஆம் ஆண்டின் தண்டனைச் சட்டக்கோவை பொதுத் தொல்லையைக் குற்றமாக்கியது. 1979ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 98ஆம் பிரிவு, தொல்லையை அகற்றுமாறு நிபந்தனைக் கட்டளை பிறப்பிக்கும் அதிகாரத்தை நீதவானுக்கு அளிக்கின்றது. இவ்வழி இன்றும் பயனுள்ளதே. ஆயின், அது தீங்கு நேர்ந்த பின்னரே விழித்துக்கொள்ளும் சட்டமாகும். புகை வீட்டினுள் புகுந்த பிறகும், கிணற்று நீர் நாறிய பிறகுமே அதனிடம் முறையிட முடியும்.

1972ஆம் ஆண்டின் ஸ்டொக்ஹோம் மாநாட்டின் பின்னர், தீங்கு நேருமுன் தடுத்தல் என்னும் கொள்கை உலகெங்கும் சட்டவடிவம் பெற்றது. இந்தியா 1974இல் நீர் மாசு பற்றியும் 1981இல் காற்று மாசு பற்றியும் தனித்தனிச் சட்டங்களை இயற்றியது. இலங்கை வேறொரு வழியைத் தெரிந்தது. நீர், காற்று, மண், ஒலி ஆகிய அனைத்தையும் 1980ஆம் ஆண்டின் 47ஆம் இலக்கத் தேசிய சுற்றாடற் சட்டத்தின்கீழ்க் கொண்டுவந்தது. இச்சட்டத்தின் வழியாக 1981இல் மத்திய சுற்றாடல் அதிகாரசபை அமைக்கப்பட்டது. ஆயினும், தொடக்கத்தில் அச்சபை ஆலோசனை கூறுவதும் இணைப்பதுமாகவே இருந்தது. தடுக்கும் வலிமை அதற்கு 1988ஆம் ஆண்டின் 56ஆம் இலக்கத் திருத்தச் சட்டத்தினாலேயே கிட்டியது.

அத்திருத்தம் இரு கருவிகளைத் தந்தது. ஒன்று, சுற்றாடற் பாதுகாப்பு உரிமம். 23அ பிரிவின்படி, விதித்துரைக்கப்பட்ட தொழிலை நடத்துவோர் உரிமம் பெற்று, அதன் நிபந்தனைகளுக்கும் தரங்களுக்கும் அமைந்தே கழிவை வெளியேற்றலாம். மற்றையது, திட்ட அங்கீகாரம். குறிப்பிட்ட அளவுக்கு மேற்பட்ட திட்டங்கள் தொடங்குமுன் சுற்றாடல் தாக்க மதிப்பீடு செய்யப்பட வேண்டும். அவ்வறிக்கை முப்பது நாள் பொதுமக்கள் பார்வைக்கு வைக்கப்பட வேண்டும். முதற்கருவி நடந்துகொண்டிருக்கும் தொழிலைக் கட்டுப்படுத்துவது. இரண்டாவது, வரப்போகும் தொழிலைச் சோதிப்பது.

புத்தளத்தில் இவ்விரண்டும் வருமுன்னரே தொழில் வந்துவிட்டது. பாலாவியின் சீமெந்துத் தொழிற்சாலை 1970களின் தொடக்கம் முதல் இயங்குவது. அதற்கான சுண்ணாம்புக்கல் வடக்கே அறுவக்காட்டுச் சுரங்கத்திலிருந்து புகையிரதத்தில் வந்தது. அக்காலத்தில் கைத்தொழில் வளர்ச்சியின் அடையாளமாகவே புகைக்குழாய் கொள்ளப்பட்டது. அதன் தூசு எவர் கூரையில் படிந்தது என்ற வினாவை எழுப்பும் சட்டம் அன்று இருக்கவில்லை.

2. வடமேல் மாகாணத்தின் தனிநிலை

புத்தளம் பற்றிப் பேசுவோர் பெரும்பாலும் கவனியாது விடுகின்ற ஒரு சட்டநிலை உண்டு. 1987ஆம் ஆண்டின் பதின்மூன்றாவது அரசியலமைப்புத் திருத்தம் சுற்றாடற் பாதுகாப்பை மாகாணசபைப் பட்டியலிலும் ஒருங்கியைநிரலிலும் ஒருசேர வைத்தது. இதனைப் பயன்படுத்தி வடமேல் மாகாணசபை 1990ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சுற்றாடல் நியதிச்சட்டத்தை இயற்றியது. அரசியலமைப்பின் ஏற்பாட்டின்படி, பாராளுமன்றச் சட்டத்துடன் முரண்படுவது என நெடுந்தலைப்பில் கூறி ஒரு நியதிச்சட்டம் இயற்றப்பட்டால், அது நடைமுறையிலுள்ளவரை முந்திய சட்டத்தின் ஏற்பாடுகள் அம்மாகாணத்தில் செயலிழந்து நிற்கும். அவ்வாறே 1991ஆம் ஆண்டு சனவரி மாதம் முதல் தேசிய சுற்றாடற் சட்டத்தின் செயற்பாடு குருநாகல், புத்தளம் ஆகிய இரு மாவட்டங்களிலும் இடைநிறுத்தப்பட்டது. இங்கு உரிமம் வழங்குவது வடமேல் மாகாணச் சுற்றாடல் அதிகாரசபையாகும். இத்தகைய தனி அதிகாரசபையை அமைத்த முதல் மாகாணம் இதுவே.

அதிகாரப் பரவலாக்கத்தை விரும்புவோர் இதனை வரவேற்பர். அவ்வரவேற்பில் நியாயமும் உண்டு. களத்துக்கு அண்மையிலுள்ள நிறுவனம் கொழும்பிலுள்ள நிறுவனத்தைவிடக் களத்தை நன்கறியும். ஆயின், சிறுதொழிலுக்கு ஏற்ற இவ்வமைப்பு பெருந்திட்டத்தின் முன் வேறொரு நிலையை அடைகின்றது. மத்திய அரசின் நிறுவனமொன்று நடத்தும் பேரனல் நிலையத்தை மாகாண அதிகாரசபையொன்று கட்டுப்படுத்த வேண்டியதாகின்றது. நாட்டின் மின்சாரத்தில் ஏறத்தாழ மூன்றிலொரு பங்கைத் தரும் நிலையமொன்றின் உரிமத்தை நிறுத்திவைக்கும் துணிவு எந்த மாகாண அலுவலருக்கு வரும்? சட்டப்படி அதிகாரம் உண்டு. அதிகாரத்தைப் பிரயோகிக்கும் பலம் இல்லை. மாசு செய்வோனும் மாசைத் தடுப்போனும் அரசே ஆகும்போது சட்டம் தன் கையைத் தானே பிடித்துக்கொள்கின்றது.

3. நீர்: குழாயைக் காணும் சட்டம்

சிலாபத்தையும் முந்தல் ஏரியையும் புத்தளக் களப்பையும் இணைப்பது ஒல்லாந்தர் கால்வாய். 1980களில் இறால் வளர்ப்பு இக்கால்வாயின் இருமருங்கும், களப்புகளின் ஓரங்களிலும் வேகமாகப் பரவியது. ஏற்றுமதி வருமானம் பெரிது. ஆகவே கண்டற் காடுகளும் உவர்நிலங்களும் குளங்களாயின. பண்ணைகள் நீரை எடுத்ததும் இக்கால்வாயிலிருந்தே. உணவெச்சமும் கழிவும் கலந்த நீரை விட்டதும் இக்கால்வாயிலேயே. ஒருவன் கழித்த நீரை மற்றவன் உள்ளெடுத்தான். 1996இல் வெண்புள்ளி நோய் பரவியபோது, பண்ணைகளை இணைத்த அதே நீர்வழி நோயையும் கொண்டுசென்றது. முதலீடு செய்தோர் பலர் விட்டகன்றனர். கைவிடப்பட்ட குளங்களும் அழிந்த கண்டற் கரையும் கடற்றொழிலாளருக்கு எஞ்சின.

சட்டம் எங்கே நின்றது? நான்கு ஹெக்டேயருக்கு மேற்பட்ட நீருயிரின வளர்ப்புத் திட்டங்களே தேசிய சட்டத்தின் 1993ஆம் ஆண்டுக் கட்டளைப்படி தாக்க மதிப்பீட்டுக்கு உட்பட்டன. ஒரு பெரும் பண்ணைக்கு ஆராய்ச்சி வேண்டும். அதே பரப்பைச் சிறு துண்டுகளாக்கிப் பலர் வைத்திருப்பின் வேண்டியதில்லை. களப்புக்கோ இவ்விரண்டுக்கும் வேறுபாடு தெரியாது.

இதே குறைபாடு கழிவுநீர்த் தரங்களிலும் காணப்படுகின்றது. உண்ணாட்டு மேற்பரப்பு நீரில் விடப்படும் கழிவுநீரின் ஐந்துநாள் உயிரிரசாயன ஒட்சிசன் தேவை லீற்றருக்கு 30 மில்லிகிராமைத் தாண்டலாகாது என்பது 2008ஆம் ஆண்டின் ஒழுங்குவிதிகளின் பொது எல்லை. கரையோரக் கடலில் விடுவதாயின் 100 மில்லிகிராம். இவ்வெல்லை ஒரு குழாயின் வாயில் அளக்கப்படும் செறிவாகும். ஒரே நீர்நிலையில் நூறு குழாய்கள் திறந்து, ஒவ்வொன்றும் எல்லைக்குள் அமைந்தால் எவரும் குற்றவாளியல்லர். நீர்நிலை மாத்திரம் இறந்துவிடும். நீர்நிலை தாங்கக்கூடிய மொத்தச் சுமை எவ்வளவு எனக் கணித்து, அதனைப் பங்கிட்டு உரிமம் வழங்குவதே இதற்கு மருந்து. 2019இல் வெளியான சூழ்நீர்த் தர ஒழுங்குவிதிகள், குழாயைவிட்டு நீர்நிலையையே அளக்கும் நோக்கை நமது சட்டத்திற்குக் கொணர்ந்தன. இது முற்போக்கான அடியாகும். ஆயின், நீர்நிலையின் தரம் தாழ்ந்துவிட்டது எனக் காணப்பட்டால் எந்த உரிமம் குறைக்கப்படும் என்ற கணக்கு வகுக்கப்படும்வரை அது அளவீடாகவே நிற்கும்.

குழாயே இல்லாத மாசு இன்னுமொரு வகை. கற்பிட்டிக் குடாநாடு மணற்பாங்கானது. மழைநீர் மணலூடே இறங்கி, உவர்நீரின்மேல் மெல்லிய நன்னீர் வில்லையாகத் தங்குகின்றது. இவ்வில்லையை நம்பியே வெங்காயம், மிளகாய், மரக்கறிச் செய்கை செறிவாக நடைபெறுகின்றது. நிலம் உரத்தைப் பிடித்துவைக்காது; நாள்தோறும் இறைக்கும் நீரோடு நைதரசன் கீழிறங்கிக் கிணற்றையே சேர்கின்றது. இங்குள்ள கிணறுகள் பலவற்றில் நைத்திரேற்றின் செறிவு, உலக சுகாதார நிறுவனம் குடிநீருக்கு வகுத்த லீற்றருக்கு 50 மில்லிகிராம் என்னும் எல்லைக்கு மேற்பட்டிருப்பதை 1980கள் முதல் ஆய்வுகள் காட்டி வந்துள்ளன. மிகைந்த நைத்திரேற்று கைக்குழந்தைகளின் குருதி ஒட்சிசனைச் சுமக்கும் ஆற்றலைக் குறைக்கக்கூடியது. தோட்டத்துக்கு உரிமம் இல்லை. உரப்பையைத் திறப்பவனைத் தண்டிப்பதில் நியாயமும் இல்லை. அவனே அக்கிணற்று நீரைக் குடிப்பவன். தொழிற்சாலையை மனத்தில்கொண்டு எழுதிய சட்டம் தோட்டத்தின்முன் சொல்லிழந்து நிற்கின்றது. விவசாய விரிவாக்கம், உர விற்பனைக் கொள்கை, குழாய்நீர் விநியோகம் ஆகியனவே இங்கு சுற்றாடற் சட்டத்தின் வேலையைச் செய்யவேண்டியவை.

4. காற்று: சராசரியின் மறைவில்

நுரைச்சோலையில் நிலக்கரி மின்நிலையம் அமைக்கும் எண்ணம் நீண்ட எதிர்ப்பைக் கண்டது. அண்மையிலுள்ள தலவில புனித அன்னாள் திருத்தலத்தை முன்னிட்டுக் கத்தோலிக்கத் திருச்சபையும், தொழிலையும் நிலத்தையும் முன்னிட்டுக் கடற்றொழிலாளரும் விவசாயிகளும் எதிர்த்தனர். ஈற்றில் சீன ஏற்றுமதி இறக்குமதி வங்கியின் கடனுதவியுடன் லக்விஜய நிலையம் எழுந்தது. முதலாவது அலகு 2011இல் இயங்கியது. 2014இல் மூன்று அலகுகளும் கூடி 900 மெகாவாற்று நிலையமாயின. நிலக்கரி கப்பலில் வந்து, ஆழ்கடலிலேயே தட்டைப்படகுகளுக்கு மாற்றப்பட்டுக் கரைசேர்கின்றது. குளிர்ச்சிக்குக் கடல்நீர் எடுக்கப்பட்டு, வெப்பமேறி மீண்டும் கடலுக்கே விடப்படுகின்றது.

காற்றைக் காக்கும் சட்டத்தில் இருவகைத் தரங்கள் உள. ஒன்று, மக்கள் சுவாசிக்கும் சூழ்காற்றின் தரம். இது முதலில் 1994இல் விதிக்கப்பட்டு 2008இல் திருத்தப்பட்டது. திருத்தத்தின்படி 2.5 மைக்குரோமீற்றருக்கு உட்பட்ட நுண்துகள் ஒரு கனமீற்றர் காற்றில் ஆண்டுச் சராசரியாக 25 மைக்குரோகிராமையும், 24 மணிநேரச் சராசரியாக 50 மைக்குரோகிராமையும் தாண்டலாகாது. உலக சுகாதார நிறுவனம் 2021இல் வகுத்த வழிகாட்டல் முறையே 5, 15 மைக்குரோகிராம்களாகும். ஆகவே நமது சட்டம் 'தூயது' எனக் கூறும் காற்று, மருத்துவ அறிவின்படி தூயதன்று.

மற்றையது, புகைக்குழாயின் வாயில் அளக்கும் வெளியேற்றத் தரம். நிலையான மூலங்களுக்கான இத்தரங்கள் 2019ஆம் ஆண்டு யூன் மாதத்திலேயே ஒழுங்குவிதிகளாக வெளியாயின. அதாவது, நாட்டின் மிகப்பெரிய நிலக்கரி நிலையம் தனது முதல் எட்டாண்டுகளை, உரிமத்தின் நிபந்தனைகள் தவிர, நாடு தழுவிய சட்டபூர்வமான வெளியேற்ற எல்லை எதுவுமின்றியே கழித்தது. மேலும், தேசிய சட்டம் செயலிழந்து நிற்கும் மாகாணத்தில், தேசிய சட்டத்தின்கீழ் ஆக்கப்பட்ட இத்தரம் மாகாண உரிமத்தின் நிபந்தனையாக எழுதப்படுவதன் வழியாகவே உறுதியான பிணைப்பைப் பெறும். உரிமத்தில் என்ன எழுதப்பட்டுள்ளது என்பது அதனால் மக்களுக்கு முதன்மையான வினாவாகின்றது.

இவ்விருவகைத் தரங்களுக்கும் இடையே நழுவிச் செல்வது தூசு. தென்மேற்குப் பருவக்காற்று கடலிலிருந்து கரைநோக்கி வீசும் மாதங்களில், திறந்த வெளியிற் குவித்த நிலக்கரியின் தூசும் சாம்பலும் அயற்கிராமங்களின் வீடுகளிலும் பயிர்களிலும் படிவதாக மக்கள் பல்லாண்டு முறையிட்டனர். காற்றுத் தடுப்பு வேலி பின்னர் அமைக்கப்பட்டது. இத்தூசு புகைக்குழாய் வழியே வருவதன்று. ஆகவே குழாய்த் தரம் அதனைக் காணாது. ஆண்டின் சில மாதங்களில் ஒரு திசைக் கிராமங்களையே தாக்குவது. ஆகவே ஆண்டுச் சராசரி அதனைக் கரைத்துவிடும். மிளகாய்ச் செடியின் இலையில் கரி படிந்த விவசாயி கண்ட உண்மை ஒன்று. அட்டவணை கூறும் உண்மை வேறு. இரண்டும் பொய்யல்ல. அளக்கும் இடமும் காலமும் யாரால் தெரிவு செய்யப்படுகின்றன என்பதிலேயே வேறுபாடு தங்கியுள்ளது.

5. கரையும் கடலும்

கரைக்கு வந்தால் சட்டங்கள் மேலும் பெருகுகின்றன. 1981ஆம் ஆண்டின் 57ஆம் இலக்கக் கரையோரம் பேணற் சட்டம், நிலப்புறம் 300 மீற்றரும் கடற்புறம் இரண்டு கிலோமீற்றரும் கொண்ட கரையோர வலயத்தை வகுத்தது. களப்புகளில் அது வாய்முகத்திலிருந்து இரண்டு கிலோமீற்றர் வரையே சென்றது. ஏறத்தாழ 327 சதுர கிலோமீற்றர் பரப்புள்ள புத்தளக் களப்பின் பெரும்பகுதி அவ்வெல்லைக்கு வெளியே நின்றது. 2011ஆம் ஆண்டின் 49ஆம் இலக்கத் திருத்தமே இவ்வெல்லையை விரித்தது. களப்பின் மீன் 1996ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கக் கடற்றொழில், நீரியல் வளங்கள் சட்டத்துக்கு உரியது. களப்போர இறாற் குளம் 1998இல் சட்டமாக்கப்பட்ட தேசிய நீருயிரின வளர்ப்பு அபிவிருத்தி அதிகாரசபையையும் சேர்ந்தது. கப்பலிலிருந்து கடலில் கலப்பது 2008ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கக் கடல் மாசுறல் தடுப்புச் சட்டத்துக்கு உரியது. ஒரே நீர், உடையவரோ பலர். முறையிடச் செல்லும் கடற்றொழிலாளி ஒவ்வோர் அலுவலகத்திலும் கேட்கும் விடை, 'இது எங்களுக்குரியதன்று' என்பதாகவே அமைவது இயல்பு.

2021ஆம் ஆண்டு மே 20ஆம் திகதி கொழும்புக்கு அப்பால் தீப்பற்றிய 'எக்ஸ்பிரஸ் பேர்ள்' கப்பலிலிருந்து ஏறத்தாழ 1,680 தொன் பிளாத்திக்குத் துணிக்கைகள் கடலிற் கலந்து, புத்தளக் கரை உட்பட மேற்குக் கரையெங்கும் ஒதுங்கின. இவ்வழக்கில் 2025ஆம் ஆண்டு யூலை 24ஆம் திகதி உயர் நீதிமன்றம் நூறு கோடி அமெரிக்க டொலர் இழப்பீடு செலுத்துமாறு கப்பற் தரப்பினருக்குக் கட்டளையிட்டது. கட்டளையை நிறைவேற்றுவது எளிதன்று. கப்பல் நிறுவனம் வெளிநாட்டது. ஆயினும் 'மாசு செய்தோனே செலுத்தல்' என்னும் கோட்பாடு இதற்கு முன் நமது நாட்டில் இத்தொகையில் உரைக்கப்படவில்லை.

6. நீதிமன்றமும் மக்களும்

அரசியலமைப்பின் 27(14)ஆம் உறுப்புரை சுற்றாடலைப் பாதுகாத்தல் அரசின் கடமை என்கின்றது. ஆயின், 29ஆம் உறுப்புரை அக்கடமையை நீதிமன்றில் வலியுறுத்த முடியாது என்கின்றது. இச்சுவரில் உயர் நீதிமன்றம் ஒரு வாயிலைத் திறந்தது. 2000ஆம் ஆண்டின் எப்பாவல பொசுபேற்று வழக்கில், இயற்கை வளங்களுக்கு அரசு மக்களின் காவலனே என்றும், தாக்க மதிப்பீட்டைத் தவிர்த்துச் செல்லும் ஒப்பந்தம் சமத்துவ உரிமையை மீறுவது என்றும் கொள்ளப்பட்டது. 2019ஆம் ஆண்டு ஏப்பிரலில் தீர்க்கப்பட்ட சுன்னாகம் வழக்கு நமக்கு இன்னும் நெருங்கியது. அனல்மின் நிலையத்தின் எண்ணெயால் வலிகாமத்தின் நிலத்தடி நீர் மாசடைந்தமைக்கு, நிறுவனம் இரண்டு கோடி ரூபாய் செலுத்துமாறு பணிக்கப்பட்டதோடு, மேற்பார்வை செய்யவேண்டிய அரச நிறுவனங்களின் கடமைத் தவறும் சுட்டப்பட்டது.

எனினும் தீர்ப்பை மாத்திரம் நம்புவோருக்குத் தமிழகம் ஒரு படிப்பினை தருகின்றது. நாகப்பட்டினக் கரையின் இறாற் பண்ணைகளுக்கு எதிராகக் காந்தியவாதி எஸ். ஜெகந்நாதன் தொடுத்த வழக்கில், இந்திய உச்ச நீதிமன்றம் 1996ஆம் ஆண்டு டிசம்பரில் கரையோர ஒழுங்கு வலயத்திலிருந்த பண்ணைகளை அகற்றுமாறு தீர்த்தது. புத்தளத்தில் வெண்புள்ளி நோய் பரவிய அதே ஆண்டு அது. ஆனால், 2005இல் இந்தியப் பாராளுமன்றம் இயற்றிய கரையோர நீருயிரின வளர்ப்பு அதிகாரசபைச் சட்டம் அப்பண்ணைகளுக்கு மீண்டும் சட்டபூர்வ நிலை தந்தது. மக்கள் நீதிமன்றில் வென்றதை மூலதனம் சட்டமன்றில் மீட்டுக்கொண்டது. சட்டம் சமூக சக்திகளின் சமநிலையைப் பதிவு செய்வது. அச்சமநிலையைத் தனித்து மாற்றுவதன்று.

2017ஆம் ஆண்டு ஏப்பிரலில் மீதொட்டமுல்லையில் குப்பைமேடு சரிந்து முப்பதுக்கு மேற்பட்டோர் மாண்ட பின்னர், கொழும்பின் குப்பையை அறுவக்காட்டுக்குக் கொண்டுசெல்லும் திட்டம் விரைவு பெற்றதையும் இதனோடு சேர்த்தே நோக்கவேண்டும். அதற்கும் தாக்க மதிப்பீடு இருந்தது. அதற்கெதிராக 2018, 2019ஆம் ஆண்டுகளில் புத்தளத்தில் சிங்கள, தமிழ், முஸ்லிம் மக்கள் சேர்ந்து நின்றனர். ஒரு நகரத்தின் ஏழைகள்மேல் சரிந்த சுமை, தொலைவிலுள்ள இன்னொரு பிரதேசத்தின் ஏழைகள்மேல் ஏற்றப்படுவது தீர்வாகுமா என்பதே அவர்கள் எழுப்பிய வினா. தாக்க மதிப்பீடு ஒவ்வொரு திட்டத்தையும் தனித்து நோக்குவது. சீமெந்து, நிலக்கரி, இறால், குப்பை ஆகியன ஒரே களப்பைச் சுற்றி நிற்பதன் கூட்டுத்தாக்கத்தை மதிப்பிடுமாறு எந்தத் திட்டக்காரரும் தாமாகக் கேட்கப்போவதில்லை.

7. முடிவுரை

மேற்கூறியவற்றிலிருந்து சில முடிவுகள் பெறப்படுகின்றன. புத்தளக் கரையில் சட்டம் இல்லை என்பது தவறு. சட்டங்கள் பல உள. அவை குழாயைக் காண்கின்றன, நீர்நிலையைக் காண்பதில்லை. சராசரியைக் காண்கின்றன, பருவத்தைக் காண்பதில்லை. தனித்திட்டத்தைக் காண்கின்றன, பிரதேசத்தைக் காண்பதில்லை. ஆகவே புத்தளக் களப்பு முழுவதற்கும் மத்திய, மாகாண நிறுவனங்கள் கூடிய ஒரே முகாமைத்துவ அமைப்பும், களப்பின் மொத்தத் தாங்குதிறனை அடிப்படையாகக் கொண்ட உரிமமும், காற்று வீசும் மாதங்களில் காற்றின் கீழ்ப்புறக் கிராமங்களிலேயே அளவீடும் தேவை. பணவீக்கத்தால் தேய்ந்துபோன தண்டப் பணங்கள் மாசு செய்வோனின் ஆதாயத்துக்கு ஒப்ப உயர்த்தப்படல் வேண்டும்.

இவை நிறைவேறும்வரை காத்திருக்க வேண்டியதில்லை. 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம் இன்று எவர் கையிலும் உள்ளது. ஒரு தொழிலின் உரிமம் எப்போது காலாவதியாகும், அதன் நிபந்தனைகள் யாவை, கடந்த ஆண்டின் அளவீடுகள் எவை என எழுத்தில் கேட்பதற்கு வழக்கறிஞர் வேண்டியதில்லை. பல்கலைக்கழகங்கள் இங்கு செய்யக்கூடிய பணி பெரிது. கிணற்று நீரை அளந்து தருதல், அறிக்கைகளைத் தமிழிலும் சிங்களத்திலும் எளிமையாக்கித் தருதல், முப்பது நாள் கருத்துக்கூறும் காலத்தில் கிராமத்தவருடன் அமர்ந்து விண்ணப்பம் எழுதுதல் என்பன அவற்றுட் சில. சட்டநூலில் உறங்கும் பிரிவுகளைக் கரையில் வாழ்வோர் எடுத்தாளும்போதே அவை உயிர்பெறும்.